வலது பையில் வைத்த காகிதம்

இந்த வருஷம் உன் பெயரை எழுதிவிட்டார்கள், புஷ்பலீலா.
லாபிஸ் ஸ்டேசன் எதிரே கோப்பிக்கடையில்
செயலாளர் அதைச் சொல்லும்போது
ஒரு லோரி பழம் சிந்திக்கொண்டு திரும்பியது.
என் தே ஓ ஆறிக்கொண்டிருந்தது.
பொறாமைதான், மறைக்க என்ன இருக்கிறது.
ஆனாலும் கம்பளிக் கோட்டு தருகிறேன்.
இடது பை கிழிசல், காசு போடாதே.

பிரஸ்ஸல்ஸில் அந்தப் பெரிய சதுக்கம்,
மூத்திரம் பெய்யும் பையன் சிலை
எல்லாம் போஸ்ட்கார்டிலேயே இருக்கிறது.
நேரில் போனால் பையன் இன்னும் சின்னவன்.
நான் சொல்வது வேறு இடங்கள்.

ஓட்டலிலிருந்து இரண்டாவது முக்கில்
காசு போட்டுத் துணி துவைக்கிற கடை.
உலர்த்தும் மிஷினில் முதுகைச் சாய்த்து உட்கார்.
யாரும் எழுப்ப மாட்டார்கள்.
என் கால்விரல் பத்தும்
ஒவ்வொன்றாகத் திரும்பி வந்தது அங்கேதான்.

பிறகு காங்கோக்காரர்கள் கடைத்தெரு.
வெண்டைக்காய், கருவாடு, சவுரிமுடி,
மரவள்ளி இலையை இடித்து உறையவைத்த பாக்கெட்.
கீழ்த்தட்டில், பழைய தண்ணீர்ப் போத்தலில்
செம்பனை எண்ணெய்.
நம் கடையில் விற்கிற வெளுத்த மஞ்சள் அல்ல,
சிவப்பு.
மூடியைத் திறந்தேன்.
மழைநாளில் மில் பக்கமிருந்து காற்றடிக்குமே,
அதே நாற்றம்.
எட்டு யூரோ.
நாற்பது ரிங்கிட் என்று மனசு பெருக்கியது.
எத்தனை சாக்கு உதிரிப்பழம் என்று
முதுகு பெருக்கியது.
வாங்கவில்லை.

கூட்டத்தில் எனக்கு மூன்று நிமிடம் என்றார்கள்.
காடு, குரங்கு, சான்றிதழ் என்று
பேசியவர்களே பேசிப் பேசி,
பதினொன்றே முக்காலுக்கு வரவேண்டிய என் பெயர்
சாப்பாட்டு மணிக்குள் புகுந்து காணாமல் போனது.
இதை இங்கே யாரிடமும் சொல்லவில்லை.
"நன்றாகப் பேசினேன்" என்றேன்.
செயலாளர் கைதட்டினார். நீயும்தான் தட்டினாய்.

மத்தியானம்
சூடாயிருந்த ஏதோ ஒரு பஸ்ஸில் ஏறினேன்.
ஊர் முடிந்து முட்டைக்கோஸ் வயல் வந்தது.
வயல் முடிந்து ஒரு கண்ணாடி வீடு.
டிக்கெட் வாங்கி உள்ளே நுழைந்ததும்
மூக்குக்கண்ணாடி மூடிக்கொண்டது.
துடைத்துப் போட்டால்
எதிரே ஒரு செம்பனை.

சிரிக்காதே.
காலடியில் பித்தளைத் தகடு, சுற்றிலும் கயிறு,
தொடாதே என்று கை வரைந்த பலகை.
குலை இல்லை.
மட்டை கழித்து மூன்று வருஷமிருக்கும்,
காய்ந்ததெல்லாம் பாவாடை மாதிரித் தொங்குகிறது.
நம் நிரையில் இப்படி விட்டிருந்தால்
மண்டோர் அன்றைய சம்பளத்தையே வெட்டியிருப்பான்.
என் கை அலக்கைத் தேடியது.

காவலுக்கு நின்றவர் பெயர் இலுங்கா.
அவர் அப்பாவும் இந்தப் பழம் வெட்டியவராம்.
இடுப்பில் கயிறு கட்டி ஏறுவதை
காற்றில் ஏறிக் காட்டினார்.
நான் காகிதத்தை எடுத்து
மூன்று நிமிடத்தையும் மலாயில் வாசித்தேன்:
மருந்தடிக்கையில் மூக்குக்கு வெறும் துணி,
உதிரிக்கு ஆறு வருஷமாக ஒரே விலை,
வீட்டைக் காலி செய்யச் சொன்ன கடிதம்.
ஒரு சொல் புரியாமல் கடைசிவரை கேட்டவர்
கைக்கடிகாரத்தைக் காட்டினார்.
இரண்டு நிமிடம் ஐம்பது.

மிச்சம் பத்து விநாடி
இருவரும் மரத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தோம்.

பஸ் நம்பர் மறந்துவிட்டது.
ஓட்டியது ஒரு பெண், அது மட்டும் ஞாபகம்.
உன் பெயரையும் சாப்பாடு விழுங்கினால்
அங்கே போ.
விழுங்காவிட்டாலும் போ.
அந்த மட்டையை யாராவது கழித்தார்களா என்று
பார்த்து வந்து சொல்.

கோட்டைத் துவைக்காமல் திருப்பித் தராதே.